பரமக்குடியும் இரண்டாவது பட்டமும்

விருதுநகர் மாவட்டம் என்று இன்று நாம் சொல்லும் பகுதி 1985ஆம் ஆண்டு வரை தனி மாவட்டமாக இருந்ததில்லை. விருதுநகர், சிவகாசி, சாத்தூர், அருப்புக்கோட்டை எல்லாம் பழைய இராமநாதபுரம் மாவட்டத்து ஊர்களே. பரமக்குடியும் அதே மாவட்டந்தான். தீப்பெட்டிக்கும் பட்டாசுக்கும் அச்சுத் தொழிலுக்கும் பெயர் பெற்ற அந்தப் பழைய மாவட்டத்திற்கு வேறொரு பெருமையும் உண்டு. இந்தியாவின் இரண்டாவது சர்வதேசச் சதுரங்க மாஸ்டரான வைத்தியநாதன் ரவிகுமார் பிறந்த ஊர் பரமக்குடி. அவர் பட்டம் பெற்ற ஆண்டு 1978.

முதல் பட்டம் வந்தது எப்போது? 1961இல். அதைப் பெற்றவர் மானுவேல் ஆரோன், அவரும் தமிழர். முதலாவதற்கும் இரண்டாவதற்கும் இடையே பதினேழு ஆண்டுகள்! சதுரங்கம் பிறந்த நாடு என்று நாம் பெருமை பேசும் நாட்டில், பதினேழு ஆண்டுகளில் ஒரே ஒரு பட்டதாரிதானா? ஆட்டம் தெரிந்தவர்களுக்கா இங்கே பஞ்சம்? இதற்கு விடை காண வேண்டுமானால், சதுரங்கப் பட்டம் என்பது என்ன, அது எப்படி அளக்கப்படுகிறது என்று முதலில் பார்க்க வேண்டும்.

"கிராண்ட்மாஸ்டர்" என்ற சொல் பழையது. ஆனால் அது முறையான பட்டமானது 1950இல்தான். 1924இல் பாரிஸில் தோன்றிய உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு (சுருக்கமாக ஃபிடே) அந்த ஆண்டு 27 பேருக்கு முதன்முதலாக அப்பட்டத்தை அளித்தது. அந்தப் பட்டியலில் இந்தியத் துணைக்கண்டத்தவர் எவரும் இல்லை. பஞ்சாபைச் சேர்ந்த மீர் சுல்தான் கான் 1929, 1932, 1933 ஆகிய மூன்று ஆண்டுகளில் பிரிட்டிஷ் சாம்பியனாக இருந்தவர். உலகச் சாம்பியனாக இருந்த கபபிளாங்காவையே ஒரு முறை தோற்கடித்தவர். ஆனால் 1933இன் இறுதியில் நாடு திரும்பியவர் பிறகு சர்வதேசப் போட்டிகளில் ஆடவில்லை. 1966இல் அவர் காலமானார். கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் அவர் பெயருக்கு வந்தது 2024இல்!

மானுவேல் ஆரோன் 1935இல் பர்மாவின் டவுங்கூ நகரில் பிறந்து, தமிழ்நாட்டில் வளர்ந்தவர். அவருடைய இளமைக் காலத்தில் நம் நாட்டில் வழங்கிய சதுரங்கமே வேறு. பல ஊர்களில் சிப்பாய் முதல் நகர்விலும் ஒரு கட்டம்தான் செல்லும். இராஜாவைக் கோட்டைக்குள் வைக்கும் முறை கிடையாது. அதற்குப் பதிலாக, முற்றுகை வாங்காத இராஜா ஒரே ஒரு முறை குதிரையைப் போலத் தாவலாம். வீட்டுத் திண்ணையில் இந்த விதிகளோடு எவ்வளவு திறமையாக ஆடினாலும், உலகப் போட்டியில் உட்கார்ந்தால் தொடக்க நகர்வுகளிலேயே தடுமாற வேண்டியதுதான். ஆரோன் சர்வதேச விதிகளைக் கற்றுக்கொண்டதோடு நிற்கவில்லை. மற்றவர்களையும் அவற்றைக் கற்கும்படியும், தொடக்க ஆட்ட நூல்களைப் படிக்கும்படியும் வற்புறுத்தி வந்தார்.

1960இல் லைப்சிக் ஒலிம்பியாடில் அவர் முன்னாள் உலகச் சாம்பியன் மாக்ஸ் யூவேயை வென்றார். ஆனால் அந்த வெற்றி பட்டம் தரவில்லை. பட்டம் வந்தது 1961இல், மண்டலப் போட்டிகளின் வழியாக. முதலில் மங்கோலியாவின் மோமோவை வென்றார். பிறகு ஆஸ்திரேலியாவின் செசில் பர்டியை வென்றார். அதன் பயனாக 1962இல் ஸ்டாக்ஹோமில் நடந்த மண்டலங்களுக்கிடையிலான போட்டியில் இடம் கிடைத்தது. பாபி ஃபிஷர் முதலிடம் பெற்ற போட்டி அது. 23 பேர் ஆடினார்கள். ஆரோனுக்குக் கடைசி இடம். ஆனால் அதே போட்டியில் ஹங்கேரியின் போர்ட்டிஷையும் ஜெர்மனியின் ஊல்மனையும் அவர் தோற்கடித்தார் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அவர் ஒன்பது முறை வென்ற தேசியப் பட்டங்களை விட இந்தக் கடைசி இடத்தையே நான் பெரிதாக மதிக்கிறேன். நம் ஆட்டம் உலக அளவில் எங்கே நிற்கிறது என்பதை முதன்முதலாக அளந்து காட்டியது அதுதான்.

அளப்பது என்றதும் எலோ முறையைச் சொல்லாமல் இருக்க முடியாது. ஹங்கேரியில் பிறந்து அமெரிக்காவில் பணியாற்றிய இயற்பியல் பேராசிரியர் அர்பாத் எலோ வகுத்த இந்தத் தர எண் முறையை ஃபிடே 1970இல் ஏற்றுக்கொண்டது. அதன் அடிப்படை எளியது. சம எண் உடைய இருவர் ஆடினால் ஆளுக்குப் பாதி வாய்ப்பு. ஒருவருக்கு 200 எண் அதிகம் என்றால், நூறு ஆட்டங்களில் சுமார் 76 புள்ளிகளை அவர் எடுப்பார் என்று எதிர்பார்க்கலாம், மற்றவருக்கு 24. ஓர் ஆட்டத்திற்கு இதை 0.76, 0.24 என்று கொள்வோம். எளியவர் வென்று விட்டால் கிடைப்பது 1. எதிர்பார்த்ததை விட 0.76 மிகுதி. இதைப் பத்தால் பெருக்கினால் 7.6. அவருடைய எண் அவ்வளவு கூடும். வலியவருடையது அவ்வளவு குறையும்.

இந்தக் கணக்கில் ஒரு நுட்பம் இருக்கிறது. ஒருவர் பெறுவது மற்றவர் இழப்பது. (உண்மையில் பெருக்கும் எண் ஆளுக்கு ஆள் மாறும். ஆயினும் கருத்து இதுவே.) சிவகாசியில் இருபது பேர் தங்களுக்குள்ளேயே ஆண்டு முழுவதும் ஆடினால் என்ன ஆகும்? எண்கள் ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாறும், அவ்வளவுதான். இருபது பேரும் நூல்களைப் படித்து, இரவு பகலாக உழைத்து, ஆட்டத்தில் இருமடங்கு தேறியிருந்தாலும் அவர்களுடைய கூட்டு எண் அசையாது. கிணற்றுக்குள் எவ்வளவு இறைத்து ஊற்றினாலும் நீர்மட்டம் உயருமா? வெளியிலிருந்து ஒருவர் வர வேண்டும், அல்லது இவர்களில் ஒருவர் வெளியே போக வேண்டும்.

கிராண்ட்மாஸ்டர் பட்டத்திற்கு இந்த நிபந்தனை இன்னும் இறுக்கமாக இருக்கிறது. எண் ஒரு முறையாவது 2500ஐத் தொட வேண்டும். அத்துடன் 'நார்ம்' எனப்படும் தகுதிச் சுற்றுகள் மூன்று வேண்டும். பொதுவாக ஒன்பது ஆட்டங்களுக்குக் குறையாத போட்டியில், 2600 எண் உடையவர் ஆடும் அளவுக்கு ஆட வேண்டும். எதிரில் அமர்பவர்களில் மூன்றில் ஒரு பங்காவது கிராண்ட்மாஸ்டர்களாக இருக்க வேண்டும். வெளிநாட்டவரும் இருக்க வேண்டும். ஆக, திறமை மட்டும் போதாது. திறமையைக் காட்டத் தகுந்த எதிராளி எதிரில் இருக்க வேண்டும். விமானக் கட்டணம் எட்டாக் கனியாக இருந்த காலத்தில் அந்த எதிராளியை எங்கே போய்த் தேடுவது? அந்தப் பதினேழு ஆண்டுகளுக்கு விடை பெரும்பாலும் இதில்தான் இருக்கிறது.

1972இல் சென்னையில், சோவியத் கலாசார மையத்தில் ஆரோன் டால் சதுரங்கக் கழகத்தைத் தொடங்கினார். ரவிகுமாருக்குப் பட்டம் வந்ததோ வெளியூர்ப் பயணத்தில். 1978இல் டெஹ்ரானில் நடந்த ஆசிய ஜூனியர் போட்டியில் அவர் வென்றார். அந்த வெற்றியே அவரைச் சர்வதேச மாஸ்டராக்கியது. அப்போது அவருக்கு வயது பத்தொன்பதுக்குள்.

அதே டால் கழகத்தில் ஆடிப் பழகியவர்தான் மயிலாடுதுறையில் பிறந்த விசுவநாதன் ஆனந்த். 1987இல் உலக ஜூனியர் பட்டம் வென்ற அவர், 1988இன் தொடக்கத்தில் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டரானார். அவருடைய தகுதி முழுமையடைந்த இடம் மாஸ்கோவோ லண்டனோ அல்ல, நம் கோயம்புத்தூர்! எதிராளிகள் இங்கே வந்து ஆடினார்கள். அதன் பின் நிகழ்ந்தவை வாசகர்கள் அறிந்தவையே. 2024 டிசம்பரில் சென்னையின் குகேஷ் 18 வயதில் உலகச் சாம்பியனானார். 2013இல் சென்னையில் நடந்த கிராண்ட்மாஸ்டர் பொதுப் போட்டியில், மதுரை திருநகரைச் சேர்ந்த பதினான்கு வயது அரவிந்த் சிதம்பரம் 11 ஆட்டங்களில் 9 புள்ளிகள் எடுத்து முதலிடம் பெற்றார். தாத்தாவிடம் ஆட்டம் கற்ற பையன் அவர். 2015இல் கிராண்ட்மாஸ்டரும் ஆனார். சிவகாசியில் பஸ் ஏறினால் சுமார் இரண்டு மணி நேரத்தில் போய்விடக்கூடிய ஊர்தான் திருநகர்.

ஆனால் வழி எல்லோருக்கும் இப்படித் திறந்து விடவில்லை. நாகர்கோவில்காரரான ஷ்யாம்நிகில் 2012இலேயே 2500ஐத் தொட்டு விட்டார். இரண்டு தகுதிச் சுற்றுகளும் கையில் இருந்தன. மூன்றாவது மட்டும் அமையவில்லை; ஓர் ஆண்டு, இரண்டு ஆண்டு அல்ல, பன்னிரண்டு ஆண்டுகள்! இதற்குள் அவரை விட மிக இளையவர்கள் பலர் பட்டம் பெற்று முன்னே போய்விட்டார்கள். 2024 மே மாதம் துபாயில் ஒரு போட்டியில் அது அமைந்தது. நாட்டின் 85ஆவது கிராண்ட்மாஸ்டரான அவருக்கு அப்போது வயது 31. அந்த மூன்றாவது சுற்றுக்கு அவருக்குத் தேவைப்பட்டது ஒரு வெற்றியும் எட்டு டிராக்களும்.