ஆட்சியும் ஆவணமும் அயலார் காட்சியும்

ஒரு பொருளை இருவர் தத்தமக்குரியதெனக் கூறி வழக்கிடுமிடத்து, அஃது இன்னார்க்கே உரித்தெனத் துணிதற்குக் கருவியாவன யாவை? இவ்வாராய்ச்சி மேனாட்டார் நீதிமன்றங்களோடு நம் நாட்டிற் புகுந்ததெனக் கருதுவாருமுளர். அது பொருந்தாது. சேக்கிழார் பெருமான் தடுத்தாட்கொண்ட புராணத்துள் இதனை நுட்பமாக அமைத்துள்ளார். அவர்க்கு 350 ஆண்டுகளுக்கு மேல் முற்பட்ட வேள்விக்குடிச் செப்பேடும் இதற்குச் சான்று பகரும். இவ்விரண்டையும் ஒருங்குவைத்து நோக்குவாம்.

நாவலூர் நம்பி தமக்கு வழிவழி அடிமையென வழக்குரைத்த முதியவரை நோக்கி, திருவெண்ணெய்நல்லூர் அவையத்தார் மூன்றனுள் ஒன்று காட்டுமாறு பணித்தனர். அவை ஆட்சி, ஆவணம், அயலார் காட்சி என்பன. ஆட்சியாவது தொன்றுதொட்டு வரும் அனுபோகம். ஆவணமாவது எழுதிய ஓலை. அயலார் காட்சியாவது அறிந்தார் மொழி. யாஞ்ஞவல்கிய மிருதி புக்தி, லிகிதம், சாட்சி என வகுத்தனவும் இவையே. இவற்றுள் ஒன்றும் இல்லாவிடத்தே தெய்வச் சான்று கொள்ளப்படும் என்பது அந்நூற் கொள்கை.

முதியவர் காட்டியது ஆவணம். நம்பி மணப்பந்தரிற் கிழித்தது படியோலையே. மூலவோலை அவர்பால் இருந்தது. ஆயினும் ஓலை கண்ட அளவில் அவையத்தார் முடிவு கூறிற்றிலர். சான்றாகக் கையெழுத்திட்டாருடைய எழுத்தை முதற்கண் ஒப்புநோக்கினர். பின்னர், நம்பியின் பாட்டனார் எழுதிக் காப்பில் வைத்திருந்த வேறோர் ஓலையை வருவித்து, அதனோடும் ஒத்துப் பார்த்தனர். அதன் பின்னரே தீர்ப்பு. தீர்ப்பளித்த பின்னரும், இவ்வூரினராயின் நும் பழமனையும் வாழ்வும் காட்டுக என்று முதியவரை வினாவினர். ஆவணம் வென்றவிடத்தும் ஆட்சியை வினாவாது விடாத அவர்தம் விழிப்பு போற்றற்பாலது. அவ்வினாவுக்கு விடையாகவே முதியவர் திருவருட்டுறைக் கோயிலுட் புக்கனர்.

இனி, ஆட்சியும் அழிந்து ஆவணமும் காட்டப்பெறாதவிடத்து வழி யாது? இதற்கு விடை வேள்விக்குடிச் செப்பேட்டில் உளது. பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதி என்னும் பாண்டியன், கொற்கைகிழான் நற்கொற்றன் என்பானுக்குப் பாகனூர்க் கூற்றத்து வேள்விக்குடியை வழங்கினான். நெடுங்காலம் நுகரப்பட்ட அவ்வூரைக் களப்பிரர் கவர்ந்தனர். கடுங்கோன் களப்பிரரை நீக்கிப் பாண்டியர் ஆட்சியை நிலைநிறுத்திய பின்னும், அவ்வூர் உரியார்க்கு மீண்டிலது. கி.பி. 770ஐ ஒட்டி, பராந்தகன் நெடுஞ்சடையனது மூன்றாம் ஆட்சியாண்டில், கொடை பெற்றான் வழியினனாகிய நற்சிங்கன் கூடல் நகரில் மன்னன்முன் முறையிட்டான். மன்னன் அவனை வெகுண்டிலன். சொல்லளவில் நம்பிக் கொடுத்தானுமல்லன். நின் பழவுரிமையை நாட்டாரைக் கொண்டு மெய்ப்பித்துப் பெறுக என்றனன். அவன் அப்பொழுதே அங்ஙனம் மெய்ப்பிக்க, ஊர் நீர்வார்த்து மீட்டளிக்கப்பட்டது. ஈண்டு வென்றது அயலார் காட்சி.

ஒருவர் ஐயுறலாம். நிலத்தைப் பிறன் நுகரக் கண்டும் 20 ஆண்டு வாளாவிருந்தான் அதனை இழப்பன் என யாஞ்ஞவல்கியரே கூறினாரன்றோ? கூறினார். ஆயினும், வழிமுறையாக வந்த நுகர்ச்சி நீங்கலாக, நுகர்ச்சியினும் ஆகமமே வலிது என்றும் அவரே விதித்தார். ஈண்டு ஆகமமென்றது சிவாகமத்தையன்று; பொருள் ஒருவன்பால் வந்த நெறியை. மிதாட்சரம் இயற்றிய விஞ்ஞானேசுவரரும், வாளாவிருந்தான் இழப்பது விளைவையேயன்றி நிலத்தையன்று என உரை கண்டார். இக்காலத்து 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டமோ, தனியார் நிலத்தை உரியவனுக்கு மாறாகப் பிறனொருவன் வெளிப்படையாய் 12 ஆண்டு இடையறாது நுகர்வானாயின், உரியவன் மீட்கும் உரிமை இழப்பான் என்கின்றது. பழையோர் கருத்து இதனின் வேறாதல் காண்க. கவர்ந்தான் கைப்பட்ட காலத்தின் நீட்சி ஒன்றே கவர்ச்சியை உரிமையாக்காது என்பதே வேள்விக்குடித் தீர்ப்பின் உயிர்நிலை.

ஆட்சியை வலியார் பறிப்பர். ஆவணத்தைத் தீயும் செல்லும் தின்னும், பொய்யர் புனைந்தும் கொள்வர். இரண்டும் இழந்த எளியார்க்கு எஞ்சி நிற்பது அயலார் வாய்மை ஒன்றே. அன்று நாட்டார் அஞ்சியோ கையுறை பெற்றோ வாய்வாளாதிருந்தனராயின், நற்சிங்கன் வெறுங்கையனாய் மீண்டிருப்பன். மன்னனும் நாட்டார் மொழியைக் காற்றிற் போகவிடாது, கொடுத்ததும் கவர்ந்ததும் மீட்டதும் ஆகிய வரலாறு முழுதையும் பத்துச் செப்பேடுகளிற் பொறிப்பித்தான். அயலார் காட்சி மீண்டும் ஆவணமாயிற்று. ஆதலின், ஓலையைக் காத்தல் உடையான் கடன். உண்மையைக் காத்தல் அயலான் கடன். பின்னது பிழைப்பின் முன்னதனாற் பயன் சிறிதே என்க.