நித்திரைக்கு முந்திய கணக்கு

விளக்கு வைக்கிற நேரம் எங்கட ஊர்களில் எல்லாருக்கும் தெரியும். கோயில் மணி, பள்ளிவாசல் பாங்கு, தேவாலய மணி, விகாரையில் இருந்து வரும் பிரித் எல்லாம் அந்தப் பொழுதில்தான் ஒன்றோடொன்று கலக்கும். அது ஊரறிந்த வழிபாடு. அதற்குப் பிறகு சாப்பிட்டு, பாயை விரித்து, கண் மூட முதல் ஒவ்வொருவரும் தனியே முணுமுணுக்கும் சில வரிகள் இருக்கே, அவற்றுக்குக் கல்வெட்டும் இல்லை, திருவிழாவும் இல்லை. ஆனபடியால் சமய வரலாறு எண்டு வரும்போது அது எளிதில் விடுபட்டுப் போகும்.

அந்தச் சிறிய நேரத்தைத்தான் இங்கே பார்க்கிறோம். பல மரபுகளில் அது மூன்று வேலைகளைச் செய்து வந்திருக்கிறது. பயத்தைப் போக்குவது ஒன்று. நாளின் கணக்கைப் பார்ப்பது இன்னொன்று. மனதில் கிடக்கும் பகையை இறக்கி வைப்பது மூன்றாவது. இந்த மூன்றாவதுதான் எங்கட நாட்டில் சிக்கலானது.

முதலில் பயம். மின்சாரம் வர முதல் இரவு என்பது உண்மையான இருட்டு. பாம்பும் இருக்கும், கள்வனும் வருவான், பேய் பிசாசு பற்றிய நம்பிக்கையும் இருந்தது. பாளி மொழியில் 'பரித்த' என்றால் பாதுகாப்பு. அதுதான் சிங்களத்தில் பிரித் ஆனது. பிரித் ஓதும்போது கட்டாயம் சேர்க்கப்படும் ஒன்று கரணீய மெத்த சூத்திரம். அதற்கு உரைநூல்கள் ஒரு கதை சொல்கின்றன. மழைக்காலத்தில் காட்டில் தங்கப்போன பிக்குகளை மரங்களில் வாழ்ந்த தேவதைகள் பயமுறுத்தின. பிக்குகள் புத்தரிடம் திரும்பி ஓடி வந்தார்கள். அவர் அவர்களைத் திரும்ப அதே காட்டுக்கு அனுப்பினார். பயமுறுத்தியவர்கள் மீதே அன்பு செலுத்தச் சொல்லி அனுப்பினார். அங்குத்தர நிகாயத்தில் மைத்திரியின் பதினொரு பயன்கள் சொல்லப்படுகின்றன. முதல் மூன்றும் நித்திரை பற்றியவை: சுகமாக உறங்கலாம், சுகமாக எழும்பலாம், கெட்ட கனவு வராது.

நபியவர்கள் படுக்கைக்குப் போகும்போது குர்ஆனின் கடைசி மூன்று சூராக்களை ஓதி, இரண்டு உள்ளங்கைகளையும் சேர்த்து ஊதி, உடலில் தடவிக்கொள்வார் என்று ஆயிஷா நாயகி அறிவித்த செய்தி புகாரியில் இருக்கிறது. இன்றைக்கும் முஸ்லிம் வீடுகளில் தாய்மார் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லிக் கொடுக்கிறார்கள். சைவத்தில், நல்லூர் ஆறுமுக நாவலர் (1822-1879) எழுதிய சைவ வினாவிடை, திருநீறு தரிக்க வேண்டிய வேளைகளில் ஒன்றாக நித்திரைக்கு முந்திய நேரத்தையும் சேர்க்கிறது. சிவன் கோயில்களில் சுவாமிக்கே பள்ளியறைப் பூசை உண்டு. பகல் முழுக்க அடியார்களின் முறைப்பாட்டைக் கேட்ட சுவாமியையும் இரவில் படுக்க வைத்துத்தான் கதவைச் சாத்துகிறார்கள்.

இந்தப் பயத்துக்குள் இன்னொரு பயம் ஒளிந்திருக்கிறது. கண்ணை மூடினால் திரும்பத் திறப்போமா? நித்திரை மரணத்தின் அறுபதில் ஒரு பங்கு என்கிறது யூதர்களின் தல்மூத். உறங்கும்போதும் இறைவன் உயிர்களைக் கைப்பற்றுகிறான், தவணை முடியாதவர்களின் உயிரைத் திருப்பி விடுகிறான் என்ற கருத்து குர்ஆனின் 39ஆம் அத்தியாயத்தில் வருகிறது. வள்ளுவரும் நிலையாமை அதிகாரத்தில் சாவை உறக்கத்தோடும் பிறப்பை விழிப்போடும் ஒப்பிட்டார். கத்தோலிக்க இரவு மன்றாட்டில், குழந்தை இயேசுவைக் கையில் ஏந்திவிட்டு இனிப் போகலாம் என்று விடைபெறும் முதியவர் சிமியோனின் பாடல் இடம்பெறுகிறது. இருபது வயதுத் துறவியும் ஒவ்வொரு இரவும் ஒரு கிழவரின் வாயால் விடைபெற வேண்டும்.

சாகப் போகிறவர் கடனை அடைத்துவிட்டுத்தானே போக வேணும்? அங்கேதான் இரண்டாவது வேலை, கணக்கு, தொடங்குகிறது. கி.பி. முதலாம் நூற்றாண்டில் ரோமாபுரியில் வாழ்ந்த தத்துவஞானி செனேக்கா கோபம் பற்றி ஒரு நூல் எழுதினார். அதன் மூன்றாம் பகுதியில் தன்னுடைய இரவுப் பழக்கத்தைச் சொல்கிறார். விளக்கு எடுத்துச் செல்லப்பட்டதும், பழக்கம் தெரிந்த மனைவி பேச்சை நிறுத்திவிடுவாராம். பிறகு அவர் அன்றைய நாள் முழுவதையும் திரும்பிப் பார்ப்பார். எதையும் தனக்குத் தானே ஒளிப்பதில்லை. இதைத் தனக்கு முந்திய செக்ஸ்தியுஸ் என்பவரிடம் கண்டதாகவும் சொல்கிறார்.

1111இல் காலமான இமாம் கஸ்ஸாலி இதே விஷயத்தை ஒரு வியாபாரியின் மொழியில் விளக்கினார். கூட்டாளியோடு வியாபாரம் செய்பவர் காலையில் நிபந்தனை போடுகிறார், கடைசியில் லாபநட்டம் பார்க்கிறார். அதுபோல மனிதர் தன் மனதோடு காலையில் ஒப்பந்தம் செய்து, நாள் முடிவில் கணக்குக் கேட்க வேண்டும். 1548இல் பாப்பரசரின் அங்கீகாரம் பெற்ற இஞ்ஞாசியாரின் ஆன்மீகப் பயிற்சி நூலும் மதியமும் இரவும் ஆன்ம சோதனை செய்யச் சொல்கிறது. ரோமத் தத்துவஞானி, பாரசீகத்து இமாம், ஸ்பானியத் துறவி மூவரும் ஒரே இடத்துக்கு வந்து சேர்ந்திருக்கிறார்கள். இந்தக் கணக்குப் புத்தகத்தில் முதல் பக்கம் அவரவர் செய்த பிழைக்கு உரியது. மற்றவன் எனக்கு என்ன செய்தான் என்பது அதற்குப் பிறகுதான்.

ஆனால் அந்த இரண்டாம் பக்கமும் இருக்கத்தான் செய்கிறது. மார் சூத்ரா என்ற யூத அறிஞர் படுக்கையில் ஏறும்போது தன்னை வருத்திய எல்லாரையும் மன்னித்துவிடுவார் என்று தல்மூத் சொல்கிறது. யூதர்களின் இரவுச் செபத்தில் பலர் இன்றும் அதைக் கடைப்பிடிக்கிறார்கள். ஆறாம் நூற்றாண்டுப் புனித பெனடிக்ட் தன் மடத்து ஒழுங்குவிதியில், சண்டை பிடித்தவரோடு சூரியன் மறைய முதல் சமாதானம் ஆக வேண்டும் என்றார். இரவு மன்றாட்டுக்குப் பிறகு மடத்தில் யாரும் பேசக்கூடாது என்பதும் அவருடைய விதி. அதாவது, பேசித் தீர்க்க வேண்டியதை அதற்கு முதலே பேசித் தீர்க்க வேணும்.

முஸ்னத் அஹ்மதில் ஒரு செய்தி வருகிறது. சுவர்க்கவாசி ஒருவர் வருவார் என்று நபியவர்கள் மூன்று நாள் சொல்ல, மூன்று நாளும் வந்தது ஒரே அன்ஸாரித் தோழர். அப்படி இவர் என்ன வணக்கம் செய்கிறார் என்று பார்க்க அப்துல்லாஹ் இப்னு அம்ர் அவரது வீட்டில் மூன்று இரவு தங்கினார். விசேடமாக எதையும் காணவில்லை, நீண்ட இரவுத் தொழுகையும் இல்லை. கடைசியில் கேட்டபோது அவர் சொன்னது, எந்த முஸ்லிம் மீதும் மனதில் வஞ்சகமோ பொறாமையோ வைப்பதில்லை என்பதுதான்.

இதையெல்லாம் படித்துவிட்டு, "அப்ப எல்லாத்தையும் மன்னிச்சுப்போட்டு நித்திரை கொள்ளுங்கோ" எண்டு சொல்லிவிடலாமா? 2009க்குப் பிறகு எங்களுக்கு அடிக்கடி சொல்லப்படுவது அதுதான். 2017 பெப்ரவரியில் இருந்து கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் தெருவோரத்தில் இருந்து போராடினார்கள். பிள்ளை எங்கே என்று தெரியாத தாய்க்கு எந்தக் கணக்கை மூடச் சொல்வது?

அதே மரபுகளே இதற்கு ஒரு வரம்பும் போட்டு வைத்திருக்கின்றன. மனிதருக்கு எதிராகச் செய்த குற்றம், பாதிக்கப்பட்டவரைச் சமாதானப்படுத்தும் வரை பாவப்பரிகார நாளில்கூடத் தீராது என்று யூதர்களின் மிஷ்னா சொல்கிறது. அடுத்தவரின் உரிமையைப் பறித்தவர் அதை அவரிடமே திருப்பிக் கொடுத்து, அவரிடமே மன்னிப்புப் பெற வேண்டும் என்பது இஸ்லாமியச் சட்ட மரபு. மார் சூத்ரா மன்னித்தது அவருடைய படுக்கையில், அவருடைய விருப்பத்தில். வருத்தியவன் வந்து அதைக் கேட்டு வாங்கவில்லை. மன்னிக்கும் உரிமை காயப்பட்டவருடையது. அரசோ, மதகுருவோ, எங்களைப் போன்ற இளைஞர்களோ அதை அவருக்காகச் செய்ய முடியாது.

இந்த வரம்பு தமிழர்களையும் கட்டும். 1990 ஓகஸ்ட் 3ஆம் திகதி காத்தான்குடியின் இரண்டு பள்ளிவாசல்களில் இஷாத் தொழுகையில் நின்றவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். நூறுக்கும் மேற்பட்ட உயிர்கள் போயின. அதே வருடம் ஒக்டோபரில் வடக்கு முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டார்கள். யாழ்ப்பாணத்தில் இருந்தவர்களுக்குச் சில மணி நேர அவகாசமே கிடைத்தது. அந்தக் கணக்கில் பாதிக்கப்பட்டவர்களின் பக்கம் முஸ்லிம் மக்களுடையது. அதை மூடு என்று தமிழர் சொல்ல முடியாது; தங்கள் பக்கத்தைத் திறந்து பார்க்க மட்டும் முடியும்.

ஆகவே செனேக்காவும் கஸ்ஸாலியும் காட்டிய வரிசை எங்களுக்கு முக்கியமாகப் படுகிறது. யார் எனக்குக் கடன் என்று தொடங்கினால் நித்திரை வராது, கோபம்தான் வரும். நான் யாருக்குக் கடன் என்று தொடங்கினால் நாளைக்குச் செய்ய ஒரு வேலையாவது கிடைக்கும்: ஒரு தொலைபேசி அழைப்பு, ஒரு மன்னிப்பு, பள்ளிக்கூடத்தில் சொல்லித் தராத ஒரு திகதியைத் தம்பி தங்கைக்குச் சொல்லிக் கொடுப்பது. கடவுளை நம்பாதவருக்கும் இந்த வரிசை பொருந்தும். இதற்கு ஐந்து நிமிடம் போதும். விளக்கை அணைத்த பிறகு, போனைக் கையில் எடுக்க முதல்.