முப்பதாயிரம் ரூபாயில் ஆரம்பித்த மாதத் தவணை

1978ல் மும்பை மலாடில் ஒருவர் வீடு கட்ட 30,000 ரூபாய் கடன் வாங்கினார். வட்டி 10.5 சதவீதம். கொடுத்தது, அதற்கு முந்தைய வருடம்தான் தொடங்கியிருந்த எச்.டி.எஃப்.சி. அந்த நிறுவனத்தின் முதல் கடன் அது. ஐ.சி.ஐ.சி.ஐ.யில் தலைவராக இருந்து ஓய்வு பெற்ற எச்.டி.பரேக், 66 வயதில் ஆரம்பித்த கம்பெனி. ஓய்வு பெற்றபிறகு வருகிற பி.எஃப். பணத்தில்தான் நம் ஊரில் நடுத்தரக் குடும்பம் வீடு கட்டும், அதை ஏன் சம்பாதிக்கிற வயதிலேயே செய்யக்கூடாது என்பதுதான் அவருடைய கேள்வி. நல்ல கேள்விதான். இன்றைக்கு புனேயிலும் நொய்டாவிலும் ஒயிட்ஃபீல்டிலும் 32 வயதில் சொந்த ஃபிளாட்டில் உட்கார்ந்து இதைப் படிக்கிறவர்கள் எல்லோரும் அந்தக் கேள்வியின் வாரிசுகள்.

அதற்கு முன்னால் என்ன இருந்தது? நம் பக்கத்தில் ஒத்தி இருந்தது (போக்கியம் என்றும் சொல்வார்கள்). பணம் கொடுத்தவர் வீட்டில் குடியிருப்பார். அவருக்கு வாடகை கிடையாது, வாங்கியவருக்கு வட்டி கிடையாது. கெடு முடிந்ததும் வாங்கிய அதே தொகையைத் திருப்பிக் கொடுத்தால் வீடு திரும்பும். காலம் எவ்வளவு ஓடினாலும் தொகை வளராது. நகை அடகும் சீட்டும் இருந்தன. அரசு வேலையில் இருந்தவர்களுக்கு மட்டும் ஹெச்.பி.ஏ. என்கிற வீடு கட்டும் முன்பணம்.

இந்த ஹெச்.பி.ஏ.வைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். டெல்லி ஆர்.கே.புரத்தில் குவார்ட்டர்ஸில் இருந்துகொண்டு சென்னையில் வீடு கட்டிய பழைய தலைமுறை மத்திய அரசு ஊழியர்கள் பலர் இதில்தான் கட்டினார்கள். இதில் இரண்டு விசேஷம். ஒன்று, தனிவட்டி. இரண்டாவது, முதலில் அசலைத்தான் பிடிப்பார்கள், 180 தவணையில். அசல் முழுக்கத் தீர்ந்தபிறகு, அதுவரை சேர்ந்த வட்டியை 60 தவணையில் பிடிப்பார்கள். 2017ல் மாற்றி எழுதிய விதிகளின்படி உச்சவரம்பு 25 லட்சம், வட்டி அப்போது 8.5 சதவீதம். கணக்குப் போட்டால் முதல் 15 வருடம் மாதம் சுமார் 13,890, கடைசி 5 வருடம் மாதம் சுமார் 26,500. மொத்த வட்டி 16 லட்சத்துக்குப் பக்கம். அதே 25 லட்சத்தை அதே 8.5 சதவீதத்தில் அதே 20 வருடத்துக்கு பேங்கில் வாங்கினால் மாதம் 21,696 ரூபாய், மொத்த வட்டி 27 லட்சம். வட்டி விகிதம் ஒன்றேதான். 11 லட்சம் வித்தியாசம் எங்கிருந்து வந்தது? எதை முதலில் எடுத்துக்கொள்கிறார்கள் என்பதிலிருந்து வந்தது. வட்டி சதவீதத்தை மட்டும் பார்த்து கடனை எடை போடக்கூடாது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது.

பேங்க் தவணையில் தலைகீழ். அந்த மாத வட்டியை முதலில் எடுத்துக்கொண்டு, மிச்சம்தான் அசலுக்குப் போகும். 50 லட்சம், 8.5 சதவீதம், 20 வருடம் என்றால் மாதம் 43,391. முதல் மாதம் அதில் 35,417 வட்டி. அசலில் குறைவது 7,974, அவ்வளவுதான். பாதி அசல் தீர கிட்டத்தட்ட 14 வருடம் ஆகும். ஏமாற்று வேலை ஒன்றுமில்லை, கணிதம் அப்படி. ஆனால் இந்த அட்டவணையைக் கையெழுத்துப் போடுவதற்கு முன் பார்த்தவர்கள் நம்மில் எத்தனை பேர்?

ஏமாற்று என்று சொல்லக்கூடியது வேறு இடத்தில் இருந்தது. வருடாந்திரக் கழிவு என்று ஒரு முறை. வீட்டுக்கடன் நிறுவனங்கள் பலவும் தொண்ணூறுகளில் வைத்திருந்த முறை இது. நீங்கள் மாதாமாதம் தவணை கட்டுவீர்கள். ஆனால் கட்டிய அசல் வருடக் கடைசியில்தான் உங்கள் கணக்கில் குறையும். ஏப்ரலில் கட்டிய பணத்துக்கும் அடுத்த மார்ச் வரை வட்டி ஓடும். 1 லட்சம், 15 சதவீதம், 15 வருடம் என்று வைத்துக்கொண்டால், மாதாமாதம் கழித்தால் தவணை 1,400 ரூபாய். வருடத்துக்கு ஒருமுறை கழித்தால் 1,425. வெறும் 25 ரூபாய்தானே? ஆனால் அது 15 சதவீதக் கடனை ஏறக்குறைய 15.4 சதவீதக் கடனாக்குகிறது. விளம்பரத்தில் 15 என்றுதான் இருக்கும்.

அந்த நாளில் 15 சதவீதம் அதிகமில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். தொண்ணூறுகளின் நடுவில் அதைத் தாண்டியும் போனது. 1988ல் தேசிய வீட்டுவசதி வங்கி வந்துவிட்டது, 1989ல் எல்.ஐ.சி. ஹவுசிங் வந்தது, ஆனாலும் வீட்டுக்கடன் வாங்குவது பெரிய விஷயமாகத்தான் இருந்தது. காட்சி மாறியது 1999க்குப் பிறகு. யஷ்வந்த் சின்ஹாவின் பட்ஜெட்டுகளில் வீட்டுக்கடன் வட்டிக்கான வருமான வரிச்சலுகை 30,000லிருந்து 75,000 ஆகி, 2001ல் ஒன்றரை லட்சம் ஆனது. கட்டாவிட்டால் கோர்ட்டுக்குப் போகாமலே வீட்டை எடுக்கும் அதிகாரத்தை 2002ன் சர்ஃபேசி சட்டம் பேங்குகளுக்குக் கொடுத்தது. வட்டி மளமளவென்று இறங்கி 2004 வாக்கில் ஏழரைக்குப் பக்கத்தில் நின்றது. ஐ.டி. வேலைக்கு வெளியூர் கிளம்பிய நம் கூட்டம் சரியாக அந்த நேரத்தில்தான் பெங்களூரிலும் புனேயிலும் ஹைதராபாத்திலும் இறங்கியது. "வாடகை கொடுக்கிற காசுக்கு இ.எம்.ஐ. கட்டிட்டுப் போயிடலாம்" என்ற வசனம் பிறந்த காலம் :-)

அந்தக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டி. இறங்குகிற காலத்தில் வாங்கியவர்களுக்கு, மாறும் வட்டி என்றால் குறையும் வட்டி என்றே மனதில் பதிந்துவிட்டது. 2008க்குள் வட்டி பதினொன்றரை, பன்னிரண்டு என்று போனது. இதன் அர்த்தம் என்ன என்று ஒரு கணக்கு பாருங்கள். 2004ல் 20 லட்சம், ஏழரை சதவீதம், 20 வருடம். தவணை 16,112. நாலு வருடத்தில் கட்டியது 7.73 லட்சம். குறைந்த அசல் 2 லட்சம். பாக்கி 17.99 லட்சம். இப்போது வட்டி பதினொன்றரை. ஒரு மாத வட்டி மட்டுமே 17,236. கட்டுகிற தவணை வட்டிக்கே போதாது! பத்தேமுக்கால் சதவீதத்தைத் தொட்ட அன்றைக்கே அந்தக் கடன் முடிவில்லாத கடனாகிவிட்டது. 16 வருடத்தில் முடிக்க வேண்டுமென்றால் தவணை 20,500க்கு மேல் போக வேண்டும். கடிதத்தைப் பிரித்துப் படிக்காதவர்களுக்கு வருடக்கணக்கில் தெரியாமலே போனது, ஏனென்றால் முடிந்தவரை தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டுவதுதான் வழக்கம். சம்பளக் கணக்கில் இருந்து அதே தொகைதான் போகிறது, பிறகு என்ன கவலை?

ஏறும்போது உடனே ஏறிய வட்டி இறங்கும்போது ஏன் இறங்கவில்லை என்பது அடுத்த கதை. அந்நாளில் ஒவ்வொரு நிறுவனமும் தனக்கென்று ஓர் அடிப்படை விகிதம் வைத்திருந்தது. அதை அப்படியே விட்டுவிட்டு, புதிதாக வருகிறவர்களுக்கு மட்டும் தள்ளுபடியைக் கூட்டினால் போதும். பழைய ஆட்கள் பழைய வட்டியிலேயே இருப்பார்கள். பக்கத்து ஃபிளாட்காரர் ஒன்பதில், நீங்கள் பதினொன்றில், இருவருக்கும் ஒரே நிறுவனம். குறைத்துக்கொள்ள வேண்டுமா, ஒரு கட்டணம் கட்டி விண்ணப்பம் கொடுங்கள். வேறு பேங்குக்குப் போகலாம் என்றால் முன்கூட்டி அடைப்பதற்கு அபராதம், பெரும்பாலும் பாக்கியில் 2 சதவீதம். 2009ல் ஸ்டேட் பேங்க் முதல் வருடம் 8 சதவீதம் என்று தூண்டில் போட்டது வேறு. ரிசர்வ் வங்கிக்கு அது பிடிக்கவில்லை. 2010ல் அப்படிப்பட்ட கடன்களுக்கு ஒதுக்கீட்டைக் கூட்டச் சொன்னது, 2011ல் திட்டம் நின்றது.

பேஸ் ரேட் 2010 ஜூலையில் வந்தது. மாறும் வட்டி வீட்டுக்கடனுக்கு முன்கூட்டி அடைக்கும் அபராதத்தை பேங்குகள் வாங்கக்கூடாது என்று ரிசர்வ் வங்கி சொன்னது 2012 ஜூனில். என்னைக் கேட்டால் இந்த நாற்பது, ஐம்பது வருடக் கதையில் கடன்காரனுக்குக் கிடைத்த மிகப்பெரிய நன்மை அதுதான். 2016 ஏப்ரலில் எம்.சி.எல்.ஆர். வந்தது. அதுவும் சரிப்படவில்லை, பேங்குகள் கணக்கிடும் முறையைத் தங்கள் இஷ்டத்துக்கு வளைக்கின்றன என்று 2017ல் ரிசர்வ் வங்கியின் சொந்தக் குழுவே எழுதியது. கடைசியில் 2019 அக்டோபரிலிருந்து பேங்குகளின் புதிய வீட்டுக்கடன்களை ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டச் சொன்னார்கள். மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது மாற்ற வேண்டும். இது பேங்குகளுக்கு மட்டும். வீட்டுக்கடன் நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் போடவில்லை என்பதை நம்மவர்கள் பலர் கவனிப்பதில்லை.

வெளி அளவுகோல் வந்ததால் இறக்கம் உடனே கிடைத்தது, ஏற்றமும்தான். 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரெப்போ 4லிருந்து ஆறரைக்குப் போனது. 2020ல் ஆறேமுக்கால் சதவீதத்தில் 50 லட்சம் வாங்கி இரண்டு வருடம் கட்டியவர், அதே 38,018 ரூபாய்த் தவணையை ஒன்பதேகால் சதவீதத்தில் தொடர்ந்தால், மிச்சமிருந்த 18 வருடம் 35 வருடத்துக்கு மேல் ஆகும். 35 வயதுக்காரர் எழுபதைத் தாண்டியும் கட்டுவார். இப்படி நிறைய பேருக்கு நடந்தபிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது. வட்டியை மாற்றியமைக்கும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று வாங்கியவரைக் கேட்க வேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பும் தர வேண்டும் என்று அப்போது சொன்னது. தவணை வட்டிக்கே போதாமல் போகும்படி காலத்தை நீட்டக்கூடாது. 2004ல் வாங்கியவர்களுக்கு இருபது வருடம் தாமதம்.

சரி, உண்மையான விலைதான் என்ன? 50 லட்சத்துக்கு 20 வருடத்தில் 1 கோடியே 4 லட்சம் கட்டுகிறோம் என்று சொல்லிப் பயமுறுத்துகிறவர்கள் ஒன்றை மறைக்கிறார்கள். பணவீக்கம் 6 சதவீதம் என்று வைத்தால், இருபதாவது வருடத்தில் கட்டும் 43,391 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு பதின்மூன்றரை ஆயிரம்தான். சம்பளம் உயர உயரத் தவணை சுருங்குவது நாம் எல்லோரும் பார்த்ததுதான். ஆகவே மொத்தத் தொகையை மட்டும் வைத்துக் கடன் பாவம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் காலத்தை நீட்டுவதன் விலை வேறு. அதே கடனை 30 வருடமாக்கினால் தவணை 38,446. மாதம் ஐயாயிரம் கூடக் குறையவில்லை. வட்டி மட்டும் 54 லட்சத்திலிருந்து 88 லட்சமாகிறது. எதிர்ப்பக்கம், 20 வருடக் கடனில் வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் மூன்று வருடத்துக்கு மேல் முன்னாலேயே முடிந்து, வட்டியில் சுமார் 10 லட்சம் மிஞ்சும். வரிச்சலுகை இருக்கிறதே என்பவர்களுக்கு: 2014ல் 2 லட்சமாக்கிய வரம்பு அதன்பின் நகரவில்லை. 50 லட்சக் கடனில் முதல் வருட வட்டியே 4.21 லட்சம். 2023-24லிருந்து இயல்பாக வரும் புதிய வரிமுறையில் குடியிருக்கும் வீட்டுக்கு அந்தச் சலுகையே கிடையாது.

ஊர்விட்டு ஊர் வந்தவர்களுக்கு இன்னொரு கணக்கு உண்டு. நாம் ஒரு நகரத்தில் 20 வருடம் இருப்பதில்லை. புனேயில் வாங்கி ஐந்தாவது வருடம் குருகிராமுக்கு மாற்றல் வந்தால், அதுவரை கட்டிய 26 லட்சத்தில் அசலுக்குப் போனது 5.94 லட்சம்தான். பத்திரம், பதிவுச் செலவு திரும்ப வராது. வாடகைக்கு விடலாம்; வாடகை தவணையில் பாதியைத் தொட்டாலே அதிர்ஷ்டம். குருகிராமில் நாம் கொடுக்கும் வாடகை தனி. கட்டி முடிக்காத ஃபிளாட்டில் பணம் போட்டவர்கள் நிலை இன்னும் மோசம். நொய்டாவில் ஆம்ரபாலி வழக்கில் 2019 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தலையிட்டு என்.பி.சி.சி.யிடம் கட்டச் சொல்லும் வரை, வீடே இல்லாத வீட்டுக்கு ஆயிரக்கணக்கான குடும்பங்கள் தவணையும் கட்டி வாடகையும் கொடுத்துக்கொண்டிருந்தன.

எச்.டி.எஃப்.சி. 2023 ஜூலை 1 அன்று அதே பெயருள்ள பேங்கோடு இணைந்து மறைந்தது. 2010க்கும் 2016க்கும் நடுவில் பேங்கில் கடன் வாங்கி, ஒருமுறையும் கடிதம் எழுதாதவர்கள், பாஸ்புக்கில் பேஸ் ரேட் என்று போட்டிருக்கிறதா என்று இந்த வாரம் பாருங்கள். போட்டிருந்தால் ரெப்போவுக்கு மாற்றித் தரச் சொல்லிக் கேட்கலாம். கேட்காமல் அவர்களாக மாற்ற மாட்டார்கள்.