சங்கிலியில் ஓர் அரசன்

வேதாகமத்தின் இராஜாக்கள் புத்தகங்களில் பெயர்கூட இடம்பெறாத ஒரு சிற்றரசனைப் பற்றி எழுத வேண்டும் என்று நெடுநாளாக எண்ணியிருந்தேன். கி.மு. எட்டாம் நூற்றாண்டின் இறுதியில் எக்ரோன் என்ற பெலிஸ்தர் நகரத்தை ஆண்டவன் அவன். அவனுடைய பெயரை நம் எழுத்தில் எழுதினால் 'பாதி' என்று வருகிறது. தற்செயல்தான், என்றாலும், பேரரசனுக்குக் கீழே முடிசூடியிருந்தவனுக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் வாய்த்திருக்காது.

அன்றைய பேரரசு அசீரியா. மூன்றாம் திகிலாத்பிலேசரின் காலத்திலிருந்து, கி.மு. 740க்குப் பிறகு, மத்தியதரைக் கடலோரத்துச் சிற்றரசர்கள் ஒவ்வொருவராக அதன் நுகத்தடிக்குள் வந்தார்கள். ஆண்டுதோறும் திறை செலுத்த வேண்டும். அழைத்தபோது படையும் ஆளும் அனுப்ப வேண்டும். எகிப்தோடு தனியே பேசக் கூடாது. இவற்றுக்கெல்லாம் தெய்வங்களைச் சாட்சி வைத்துச் சத்தியம் செய்ய வேண்டும். அந்தச் சத்திய உடன்படிக்கைக்கு அசீரியர் வைத்த பெயர் 'அதே'. அதை மீறியவன் அரசனுக்கு மட்டுமல்லாமல் தெய்வங்களுக்கும் குற்றவாளி. முதல் மீறலுக்கு நாட்டின் ஒரு பகுதி போகும். மீண்டும் மீறினால் நாடே மாகாணமாகும், மக்கள் வேற்று நிலத்துக்குப் பெயர்க்கப்படுவார்கள். இஸ்ரவேலின் கடைசி அரசன் ஓசெயா எகிப்தை நம்பித் திறையை நிறுத்தினான். கி.மு. 722 அளவில் சமாரியா வீழ்ந்தது. அங்கிருந்து 27,290 பேரைக் கொண்டுசென்றதாக இரண்டாம் சர்கோன் பொறித்து வைத்திருக்கிறான்.

யூதாவின் அரசன் ஆகாஸ் இந்தப் பாதையில் போகவில்லை. அண்டை அரசர்கள் இருவர் தன்னை நெருக்கியபோது, தன்னை அசீரிய மன்னனின் அடியானாகவும் மகனாகவும் சொல்லிக்கொண்டு, ஆலயத்து வெள்ளியையும் பொன்னையும் அனுப்பி உதவி கேட்டான். இராஜாக்கள் நூலை எழுதியவர்கள் அவனை மன்னிக்கவேயில்லை. ஆனால் சமாரியா எரிந்தபோது எருசலேம் எரியவில்லை.

கி.மு. 705இல் சர்கோன் போர்க்களத்தில் இறந்தான். உடலைக்கூட மீட்டு அடக்கம் செய்ய முடியவில்லை. தெய்வங்களால் கைவிடப்பட்டவனுக்கே அப்படிப்பட்ட சாவு நேரும் என்று அக்காலத்தவர் நம்பினார்கள். பேரரசு எங்கும் சிற்றரசர்கள் தலை தூக்கினார்கள். ஆகாஸின் மகன் எசேக்கியா திறையை நிறுத்தினான். எக்ரோனிலும் அதே சலசலப்பு எழுந்தது. ஆனால் பாதி அசைந்து கொடுக்கவில்லை. நகரத்து அதிகாரிகளும் பெரியோர்களும் பொதுமக்களும் சேர்ந்து தங்கள் அரசனையே இரும்பு விலங்கிட்டு எருசலேமுக்கு அனுப்பி, எசேக்கியாவின் கையில் ஒப்படைத்தார்கள். சனகெரிப்பின் களிமண் பட்டைப் பொறிப்புகள் சொல்லும் செய்தி இது. பாதி என்ன குற்றம் செய்தான் என்பதையும் அவையே சொல்கின்றன: அசீரியாவின் உடன்படிக்கைக்கும் சத்தியத்துக்கும் உட்பட்டவனாக இருந்தான்.

மேலே இருக்கும் பேரரசனுக்கு உண்மையாக இருந்தால் கீழே இருக்கும் மக்களுக்குத் துரோகி. மக்களின் பக்கம் சாய்ந்தால் அந்த மக்களையே நெருப்பில் தள்ளியவன். இவற்றுக்கு நடுவே மூன்றாவது வழி இருந்ததாகத் தெரியவில்லை. பாதி கோழையா, தொலைநோக்குடையவனா என்று தீர்ப்புச் சொல்லும் தகுதி நமக்கு இல்லை. நாம் விலங்குக்கு வெளியே இருக்கிறோம்.

கி.மு. 701இல் சனகெரிப் வந்தான். எல்தெக்கே சமவெளியில் எகிப்தியப் படையை முறியடித்தான். எக்ரோனைப் பிடித்து, கிளர்ச்சி செய்த அதிகாரிகளைக் கொன்று, உடல்களை நகரைச் சுற்றித் தொங்கவிட்டான். குற்றமற்றோர் எனக் கண்டவர்களை விடுவித்தான். பிறகு பாதியை எருசலேமிலிருந்து வெளியே கொணர்ந்து மறுபடியும் அரியணையில் அமர்த்தினான், திறையும் விதித்தான். தன்னைக் காட்டிக்கொடுத்தவர்களின் பிணங்களுக்கு நடுவே பாதி நகருக்குள் நுழைந்திருப்பான். அந்த நாளில் அவன் என்ன நினைத்தான் என்று எழுதி வைக்க யாரும் இல்லை.

யூதாவுக்கு நேர்ந்தது இன்னும் கொடியது. அரண்சூழ்ந்த 46 நகரங்களைப் பிடித்ததாகவும் 2,00,150 பேரை வெளியேற்றியதாகவும், எசேக்கியாவைக் கூண்டுப் பறவைபோல் எருசலேமுக்குள் அடைத்ததாகவும் சனகெரிப் பெருமை பேசுகிறான். மக்கள்தொகை மிகைப்படுத்தப்பட்டது என்பதே பல அறிஞர்களின் கருத்து. ஆனால் லாகீஸ் நகரின் அழிவை நினிவே அரண்மனைச் சுவர்ச் சிற்பங்களில் இன்றும் காணலாம். அவை இப்போது லண்டனில் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. மூட்டைகளோடும் குழந்தைகளோடும் ஒரு வரிசை நடந்துகொண்டே இருக்கிறது. எசேக்கியா ஆலயக் கதவுகளின் பொன்னைப் பெயர்த்துக் கொடுத்தான் என்று வேதாகமமே ஒப்புக்கொள்கிறது. பொன் 30 தாலந்து என்பதில் இரு தரப்புக்கும் உடன்பாடு. வெள்ளியை வேதாகமம் 300 என்கிறது, அசீரியக் கணக்கு 800 என்கிறது. எருசலேம் பிடிபடவில்லை என்பதும் உண்மை. இரவில் வந்த தேவதூதன் அசீரியப் பாளயத்தை அழித்தான் என்று வேதாகமம் அதற்குக் காரணம் சொல்கிறது. நகரம் தப்பியது, நாடு தப்பவில்லை. யூதாவிலிருந்து வெட்டியெடுத்த நிலத்தைச் சனகெரிப் மூன்று சிற்றரசர்களுக்குப் பகிர்ந்து கொடுத்தான். அவர்களில் ஒருவன் பாதி.

எசேக்கியாவின் மகன் மனாசே பன்னிரண்டு வயதில் பட்டமேறி 55 ஆண்டுகள் ஆண்டான். யூதாவில் வேறு எவரும் இவ்வளவு காலம் ஆளவில்லை. வேதாகமம் அவனை மிகக் கொடியவனாகவே சித்திரிக்கிறது. அவன் இறந்து அரை நூற்றாண்டுக்கு மேல் கழிந்து எருசலேம் வீழ்ந்ததற்குக்கூட அவன் பாவமே காரணம் என்கிறது. அசீரிய ஆவணங்களில் தெரியும் மனாசே வேறொருவன். நினிவே அரண்மனைக்காக மரமும் கல்லும் சுமந்து வரச்செய்த 22 அரசர்களின் பட்டியலை எசரத்தோன் தருகிறான். அதில் யூதாவின் மனாசே இருக்கிறான். எக்ரோனின் இக்கவுசுவும் இருக்கிறான், பாதியின் மகன். சிறைவைத்தவனின் மகனும் சிறையிருந்தவனின் மகனும் ஒரே கட்டடத்துக்கு மரம் அனுப்பினார்கள். அந்த அடிமைத்தனத்தில்தான் பாழான யூதா மெல்ல மீண்டது. எக்ரோனில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒலிவ எண்ணெய் ஆலைகள் இயங்கின. மனாசேயின் வழிபாட்டு முறைகளை நான் நியாயப்படுத்த வரவில்லை. ஆனால் அவன் காலத்தில் லாகீஸ் மறுபடி எரியவில்லை என்பதையும் யாராவது எழுதியிருக்கலாம்.

கி.மு. 672இல் எசரத்தோன் தன் மகன் அசுர்பனிபாலை வாரிசாக அறிவித்து, ஆளுகைக்குட்பட்ட அனைவரிடமும் சத்தியம் வாங்கினான். அந்த உடன்படிக்கையின் படிகள் 1955இல் நிம்ரூதில் கிடைத்தன. 2009இல் துருக்கியின் தெல் தாயினாத்தில், ஒரு கோயிலுக்குள், இன்னொன்று கிடைத்தது. மேற்குப் பகுதியினரும் இதே சத்தியத்தைச் செய்தார்கள் என்பது அதனால் உறுதியாயிற்று. மனாசேயும் செய்திருப்பான் என்று கருத இடமுண்டு. வாரிசைத் தன்னைப்போலவே நேசிக்க வேண்டும். துரோகம் பேசுபவன் மகனோ சகோதரனோ தீர்க்கதரிசியோ ஆனாலும் மறைக்கக் கூடாது. மீறினால் நிலம் இரும்பாகும், வானம் வெண்கலமாகும் என்கிறது அது. உபாகமத்தின் 13, 28ஆம் அதிகாரங்களை வாசித்தவர்கள் இந்த இடத்தில் திடுக்கிடுவார்கள். பேரரசனுக்குச் செய்யக் கட்டாயப்படுத்தப்பட்ட சத்தியத்தின் சொற்களை எடுத்து, அவற்றை இனி கடவுள் ஒருவருக்கே உரியவையாக யாரோ எழுதிவிட்டார்கள். எசேக்கியாவின் கிளர்ச்சியைவிட இதுவே துணிச்சலான கிளர்ச்சி என்று எனக்குத் தோன்றுகிறது. அதற்கு 46 நகரங்களை விலையாகக் கொடுக்கவும் இல்லை.

பாதியின் குலத்துக்கு அப்படி எழுதுவோர் வாய்க்கவில்லை. 1996இல் தெல் மிக்னே அகழ்வில் ஒரு கோயில் கல்வெட்டு வெளிப்பட்டது. கட்டியவன் பாதியின் மகன் இக்கவுசு. அதில் அவன் தனக்கு இட்டுக்கொண்ட பட்டம் 'சர்'. எபிரேயத்தில் அதற்குத் தலைவன், அதிகாரி என்றுதான் பொருள். அசீரியரின் அக்காதிய மொழியிலோ அதையொத்த ஒலியுள்ள சொல் அரசனைக் குறிக்கும். இரண்டில் எதை நினைத்து எழுதினானோ.

அசீரியா வீழ்ந்தபின் பாபிலோன் வந்தது. எகிப்தின் சக்காராவில் 1942இல் கிடைத்த ஓர் அரமேயக் கடிதத்தில் அதோன் என்ற சிற்றரசன், பாபிலோனியப் படை ஆப்பெக்கை எட்டிவிட்டது, கைவிட வேண்டாம், படை அனுப்புங்கள் என்று பார்வோனிடம் மன்றாடுகிறான். அவன் எக்ரோனின் அரசன் என்றே பலர் கருதுகிறார்கள். கி.மு. 604 அளவில் எக்ரோன் தீக்கிரையானது. பாதியின் பெயர் பொறித்த கல் அந்த இடிபாடுகளுக்குள்தான் கிடந்தது.