கருவேலம்பூக்கள்: பூமணி எழுதி இயக்கிய படம்

'அசுரன்' (2019) வந்த பிறகு, பூமணின்னா 'வெக்கை' எழுதியவர்னு சினிமா பார்க்கிறவங்களுக்கும் தெரிஞ்சுபோச்சு. ஆனால் அவரே திரைக்கதை எழுதி இயக்கிய படம் ஒன்று உண்டு என்பது பலருக்கும் தெரியாது. தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம் 1990களில் தயாரித்த 'கருவேலம்பூக்கள்'. நாசரும் ராதிகாவும் நடித்தது.

மணியாச்சின்னதும் எல்லாருக்கும் 1911, வாஞ்சிநாதன், ஆஷ். அந்தக் கதையை இங்கே விட்டுவிடுகிறேன். அதே சந்திப்பிலிருந்து கடம்பூர் வழியாகக் கோவில்பட்டிக்கு ரயிலில் போனால் ரெண்டு பக்கமும் சீமைக்கருவேலம்தான் கண்ணில் படும். அது வெளியூர்ச் சரக்கு. படத்தின் தலைப்பில் இருக்கிற கருவேலம் நாட்டு மரம்; நெற்றை ஆடு தின்னும், கட்டை கலப்பைக்கு ஆகும், பூ உருண்டை உருண்டையாக மஞ்சளாய் இருக்கும்.

பூமணி 1947இல் கோவில்பட்டி பக்கம் ஆண்டிபட்டியில் பிறந்தவர். கூட்டுறவுத் துறையில் அதிகாரியாக இருந்தவர். பக்கத்து இடைசெவல்காரர் கி.ராஜநாராயணன், அவருடைய 'கோபல்ல கிராமம்' (1976) தெலுங்கு பேசுகிற ஜனம் தெற்கே ஓடிவந்து, காட்டைத் திருத்தி ஊராக்கிய கதை. பூமணியின் 'பிறகு' நாவலிலும் (1979) ஒருத்தர் வெளியூரிலிருந்து வருகிறார். அழகிரி, தோல் வேலை செய்கிறவர். ஆனால் அங்கே ஊர் ஏற்கெனவே இருக்கிறது. அவர் வேலை ஊருக்கு வேணும். அவர் குடியிருப்பு மட்டும் ஊருக்கு வெளியே. சொந்த மண் என்று ரெண்டு பேரும் சொல்வது ஒரே கரிசலைத்தான், நிற்கிற இடம்தான் வேற வேற.

'வெக்கை'யில் கையை வெட்டத்தான் சிதம்பரம் போகிறான், ஆள் செத்துப்போகிறான். அப்புறம் அப்பனும் மகனுமாக ஒளிந்து திரிகிற நாட்கள். எங்கே தண்ணி கிடைக்கும், எதைத் தின்னலாம், எங்கே படுக்கலாம் என்பது அத்தனையும் அவங்களுக்கு அத்துப்படி. ஊர் விரட்டியதைக் காடு வச்சுக் காப்பாத்துது. 'அசுரன்' நல்ல படம்தான். ஆனாலும் நாவலின் இந்த நிதானம் அதில் இல்லை என்பது என் கருத்து.

'கருவேலம்பூக்கள்' காட்டுவது தீப்பெட்டி ஆலைக்குப் போகும் பிள்ளைகளை. மழை பொய்த்தால் வேலை கிடையாது, கூலி கிடையாது. ஆலை வண்டி விடியுமுன்னே ஊருக்குள்ளே வந்து பிள்ளைகளை ஏத்திக்கிட்டுப் போகும். தீப்பெட்டித் தொழிலில் குழந்தைகள் கூடாது என்று 1986 சட்டம் சொல்லியும் இது நடந்தது.

2014இல் சாகித்ய அகாதெமி விருது வாங்கிய அவருடைய 'அஞ்ஞாடி' ஆயிரம் பக்கத்துக்கு மேலே போகிற நாவல். கழுகுமலை (1895), சிவகாசி (1899) கலவரங்கள் அதில் வருகின்றன. கோயிலுக்குள்ளும் ரதவீதியிலும் நாடார்கள் வரலாமா என்பதுதான் அன்றைய தகராறு. கலவரம் நடந்து கால் நூற்றாண்டு கழித்து, அதே சிவகாசியிலிருந்து அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கற்று வந்தார்கள். அந்தத் தொழில் கோவில்பட்டி வரை பரவியது. பூமணியின் படத்தில் அந்தப் பிள்ளைகள் போவது இப்படி வந்த ஆலைகளுக்குத்தான்.