விண்டோஸ் பழைய விளையாட்டுகளை நிறுவுதல்

விண்டோஸ் பழைய விளையாட்டுகள் என்பன மைக்ரோசாப்ட் நிறுவனம் தனது விண்டோஸ் இயங்குதளத்துடன் இணைத்தோ, தனிப் பொதியாகவோ வழங்கிப் பின்னர் கைவிட்ட சிறு கணினி விளையாட்டுகள் ஆகும். சாலிட்டேர், பிரீசெல், மைன்சுவீப்பர், பின்பால், ஸ்கீஃபிரீ, செஸ் டைட்டன்ஸ் ஆகியன இவற்றுள் பரவலாக அறியப்பட்டவை. 2012 ஆம் ஆண்டு வெளியான விண்டோஸ் 8 பதிப்பில், அதுவரை எஞ்சியிருந்தவையும் நீக்கப்பட்டன. ஆயினும் பழைய குறுவட்டுகளிலும் பழைய கணினிகளின் வன்தட்டுகளிலும் இக்கோப்புகள் இன்றும் உள்ளன. அவற்றை 64 பிட் கணினியில் இயக்க இயலுமா என்பது அவ்விளையாட்டு எந்தத் தலைமுறையைச் சேர்ந்தது என்பதையே பொறுத்துள்ளது. சிலவற்றிற்குக் கோப்புறையை நகலெடுத்தாலே போதும். சிலவற்றை நிறுவினாலும் பயனில்லை.

பின்னணி

சாலிட்டேர் 1990 ஆம் ஆண்டு விண்டோஸ் 3.0 உடன் வெளிவந்தது. மைக்ரோசாப்ட்டில் பயிற்சி ஊழியராக இருந்த வெஸ் செர்ரி இதனை எழுதினார். சீட்டுகளின் படங்களை சூசன் கேர் வரைந்தார். சுட்டி அக்காலத்தில் பலருக்குப் புதிய கருவியாக இருந்தமையால், ஒன்றை அழுத்திப் பிடித்து இழுத்து விடும் பழக்கத்தை இவ்விளையாட்டு பயனர்களுக்கு ஏற்படுத்தியது என்பர்.

1990 முதல் 1992 வரை மைக்ரோசாப்ட் என்டர்டெயின்மென்ட் பேக் என்னும் பெயரில் நான்கு பொதிகள் விற்பனைக்கு வந்தன. மைன்சுவீப்பர் முதலில் இவற்றில் ஒன்றில் இடம்பெற்றுப் பின்னர் 1992 இல் விண்டோஸ் 3.1 உடன் இணைக்கப்பட்டது. விண்டோஸ் 8 இற்குப் பின்னர் இவற்றின் இடத்தை மைக்ரோசாப்ட் சாலிட்டேர் கலெக்ஷன் என்னும் செயலி பெற்றுள்ளது. இது விளம்பரங்களைக் காட்டுவது. விளம்பரங்களை நீக்கச் சந்தா செலுத்த வேண்டும். பழைய விளையாட்டுகளைப் பலரும் தேடுவதற்கு நினைவேக்கம் மட்டுமன்றி இதுவும் ஒரு காரணமாகும்.

16 பிட் விளையாட்டுகள்

என்டர்டெயின்மென்ட் பேக் விளையாட்டுகள் விண்டோஸ் 3 காலத்தவை. 16 பிட் நிரல்கள். இவற்றை 64 பிட் விண்டோஸில் இருமுறை சொடுக்கினால், இச்செயலி இக்கணினியில் இயங்காது என்னும் அறிவிப்பு மட்டுமே தோன்றும். நிருவாகி உரிமையுடன் இயக்குவதோ, பண்புகள் சாளரத்தில் ஒத்திசைவு முறையை மாற்றுவதோ இங்கு பயன் தராது.

இதற்கு நுண்செயலியே காரணம் என்று பல இடங்களில் எழுதப்பட்டுள்ளது. இது பாதி உண்மையே. 64 பிட் நிலையில் இயங்கும்பொழுது டாஸ் நிரல்களுக்கு வேண்டிய மெய்நிகர் 8086 நிலை நுண்செயலியில் கிடைப்பதில்லை என்பது சரியே. ஆனால் விண்டோஸ் 3 நிரல்கள் பயன்படுத்திய 16 பிட் பாதுகாப்பு நிலை நிரல்களை அதே நுண்செயலி இன்றும் இயக்கவல்லது. 16 பிட் நிரல்களைத் தாங்கிய என்டிவிடிஎம் என்னும் பகுதியை மைக்ரோசாப்ட் 64 பிட் விண்டோஸில் சேர்க்கவில்லை. சாளரம் முதலிய பொருட்களைக் குறிக்கும் கைப்பிடி எண்கள் 64 பிட் விண்டோஸில் 32 பிட் அளவின. 16 பிட் நிரலொன்றினால் அவ்வெண்களைக் கையாள முடியாது என்பது மைக்ரோசாப்ட் கூறிய காரணமாகும். லினக்ஸில் இயங்கும் வைன் மென்பொருள் 64 பிட் கணினியிலேயே இந்நிரல்களை இயக்குகின்றது. ஆகவே பழைய விண்டோஸ் விளையாட்டொன்று விண்டோஸ் 11 ஐ விட லினக்ஸில் எளிதாக இயங்கும் விந்தையான நிலை உள்ளது.

விண்டோஸ் பயனர்களுக்கு மிக எளிய வழி ஓடிவிடிஎம் என்னும் திறந்த மூல மென்பொருளாகும். வைன் மூல நிரலைத் தழுவி எழுதப்பட்ட இதனை ஒரு கோப்புறையில் விரித்து, விளையாட்டின் இயங்கு கோப்பை இழுத்து இதன் மேல் விட்டால் விளையாட்டு தனிச் சாளரத்தில் திறக்கும். இரண்டாவது வழி டாஸ்பாக்ஸ் போன்மியில் விண்டோஸ் 3.1 ஐ நிறுவி அதனுள் விளையாடுவது. இதற்கு விண்டோஸ் 3.1 இன் வட்டுகள் தேவை, வேலையும் அதிகம். எனினும் நுண்செயலியின் வேகத்தைக் குறைத்து அமைக்க இயல்வதால், வேகமான கணினியில் கட்டுக்கடங்காது ஓடும் விளையாட்டுகளுக்கு இதுவே ஏற்றது. நிறுவ விரும்பாதவர்கள் இன்டர்நெட் ஆர்க்கைவ் 2016 பெப்ரவரியில் தொடங்கிய விண்டோஸ் 3.1 தொகுப்பில் பல விளையாட்டுகளை உலாவியிலேயே ஆடலாம்.

32 பிட் விண்டோஸ் 10 இல் என்டிவிடிஎம் விருப்பக் கூறாகக் கிடைக்கின்றது. ஆனால் விண்டோஸ் 11 இற்கு 32 பிட் பதிப்பே இல்லை. விண்டோஸ் 10 இற்கான வழமையான ஆதரவும் 2025 அக்டோபர் 14 உடன் முடிவடைந்துவிட்டது.

ஸ்கீஃபிரீ இவ்வகையில் ஒரு நல்வாய்ப்பான விதிவிலக்கு. அதனை எழுதிய கிரிஸ் பிரிஹ் காணாமற்போயிருந்த மூல நிரலைக் கண்டெடுத்து, 32 பிட் பதிப்பொன்றைத் தம் இணையத்தளத்தில் இலவசமாக வெளியிட்டார். இது இன்றைய விண்டோஸில் எவ்விதத் துணைக்கருவியும் இன்றி இயங்கும். சறுக்குபவரை விழுங்கும் பனிப்பூதத்திடமிருந்து தப்பவே முடியாது என்று நம்பியிருந்தவர்கள் பலர். எஃப் விசையை அழுத்தினால் வேகம் கூடும்.

விளையாட்டு 32 பிட்டாக இருந்தும் அதன் நிறுவல் நிரல் மட்டும் 16 பிட்டாக இருப்பது 1990களின் குறுவட்டுகளில் அடிக்கடி காணப்படும் சிக்கலாகும். 64 பிட் விண்டோஸ் இதனை ஓரளவு எதிர்பார்த்தே அமைக்கப்பட்டுள்ளது. இன்ஸ்டால்ஷீல்டு 5 போன்ற சில நிறுவல் நிரல்களை அடையாளம் கண்டு, அவற்றிற்குப் பதிலாகத் தன்னிடமுள்ள 32 பிட் நிரலை அது இயக்கும். ஏனையவற்றிற்கு, விளையாட்டை 32 பிட் விண்டோஸ் நிறுவிய மெய்நிகர் கணினி ஒன்றில் நிறுவி, நிறுவப்பட்ட கோப்புறையை வெளியே நகலெடுப்பது பல வேளைகளில் பலனளிக்கும்.

எக்ஸ்பி சீட்டு விளையாட்டுகள்

விண்டோஸ் எக்ஸ்பியில் இருந்த சாலிட்டேர், பிரீசெல், மைன்சுவீப்பர் ஆகியன 32 பிட் நிரல்கள். 64 பிட் விண்டோஸ், 32 பிட் நிரல்களை வாவ்64 என்னும் அடுக்கின் ஊடாக இயக்குவதால் இவற்றிற்குப் போன்மி தேவையில்லை. மறக்கக்கூடாதது ஒன்றே. சாலிட்டேரும் பிரீசெல்லும் சீட்டுப் படங்களைத் தம்முள் வைத்திருப்பதில்லை, கார்ட்ஸ்.டிஎல்எல் என்னும் பொதுக் கோப்பிலிருந்து பெறுகின்றன. எனவே அக்கோப்பையும் எக்ஸ்பியின் சிஸ்டம்32 கோப்புறையிலிருந்து எடுத்து, விளையாட்டு உள்ள கோப்புறையிலேயே இடவேண்டும். மைன்சுவீப்பருக்கு இது தேவையில்லை.

எக்ஸ்பி இயங்கும் கணினி கைவசம் இல்லாவிடினும் அதன் குறுவட்டு இருந்தால் போதும். குறுவட்டின் ஐ386 கோப்புறையில் இக்கோப்புகள் சுருக்கப்பட்டு, பெயரின் இறுதி எழுத்துக்குப் பதில் அடிக்கோடு இட்டு வைக்கப்பட்டுள்ளன. கட்டளைச் சாளரத்தில் எக்ஸ்பாண்டு என்னும் கட்டளையைக் கொடுத்து இவற்றை விரிக்கலாம். இக்கட்டளை இன்றைய விண்டோஸிலும் உள்ளது.

பின்பால்

இவ்விளையாட்டின் முழுப்பெயர் 3டி பின்பால் பார் விண்டோஸ், ஸ்பேஸ் கேடட் என்பதாகும். சினிமாட்ரானிக்ஸ் என்னும் நிறுவனம் உருவாக்கி 1995 ஆம் ஆண்டு மேக்சிஸ் வெளியிட்ட புல் டில்ட்! பின்பால் விளையாட்டில் மூன்று மேசைகள் இருந்தன. அவற்றுள் ஒன்றான ஸ்பேஸ் கேடட் மட்டும் அதே ஆண்டில் விண்டோஸ் 95 இற்கான மைக்ரோசாப்ட் பிளஸ்! பொதியில் இடம்பெற்றது. பின்னர் விண்டோஸ் என்டி 4.0, மில்லேனியம், 2000, எக்ஸ்பி ஆகியவற்றுடன் வந்தது. விஸ்டாவில் இது இல்லை.

நீக்கத்திற்கான காரணத்தை மைக்ரோசாப்ட் நிரலாளர் ரேமண்ட் சென் 2012 ஆம் ஆண்டு விளக்கினார். விண்டோஸ் நிரல்களை 64 பிட்டிற்கு மாற்றியபொழுது பின்பாலின் மோதல் கணிப்பில் வழு ஏற்பட்டு, பந்து எதிலும் மோதாமல் எல்லாவற்றின் ஊடாகவும் விழுந்தது. வேறொரு நிறுவனம் பல ஆண்டுகளுக்கு முன் எழுதிய அந்நிரலில் விளக்கக் குறிப்புகள் ஏறக்குறைய இல்லை. வழுவைக் கண்டுபிடிக்க இயலாமையால் விளையாட்டைக் கைவிட நேர்ந்தது என்பது அவரது கூற்று. இங்கு வழு 64 பிட்டிற்கு மாற்றிய நிரலுக்கே உரியது. எக்ஸ்பியின் 32 பிட் பின்பால் 64 பிட் விண்டோஸில் பந்து தவறாமல் இயங்குகின்றது.

நிறுவல் என்று சொல்வதற்கு அதிகம் இல்லை. எக்ஸ்பி கணினியின் புரோகிராம் ஃபைல்ஸ் கோப்புறையினுள் விண்டோஸ் என்டி என்ற உட்கோப்புறையில் உள்ள பின்பால் கோப்புறையை முழுவதுமாக நகலெடுத்து, பின்பால்.இஎக்ஸ்இ கோப்பை இயக்க வேண்டும். இயங்கு கோப்பை மட்டும் எடுத்துவரும் பலர் பிழைச் செய்தியைக் காண்கின்றனர். மேசையின் படம் பின்பால்.டாட் கோப்பில் உள்ளது. ஒலிகளும் தனித்தனிக் கோப்புகளாகும். அதிகப் புள்ளிகளின் பட்டியல் இக்கோப்புறையில் இல்லாது விண்டோஸ் பதிவகத்தில் சேமிக்கப்படுவதால், கோப்புறையை மட்டும் நகலெடுத்தால் பழைய புள்ளிகள் வாரா. அவற்றைக் காக்க விரும்புவோர், பழைய கணினியைக் கைவிடுமுன் பதிவகத்தின் உரிய பகுதியை ஏற்றுமதி செய்து எடுத்துக்கொள்ள வேண்டும்.

விளையாட்டு 640×480 படப்புள்ளி அளவில் வரையப்பட்டது. இன்றைய திரைகளில் சாளரம் அஞ்சல்தலை போலத் தோன்றும். இயங்கு கோப்பின் பண்புகளில் ஒத்திசைவுப் பகுதிக்குச் சென்று, உயர் டிபிஐ அளவிடலை விண்டோஸே செய்யும்படி அமைத்தால் படம் பெரிதாகும். சற்று மங்கலாகவும் ஆகும்.

2021 ஆம் ஆண்டு தன்னார்வ நிரலாளர் ஒருவர் இயங்கு கோப்பிலிருந்தே நிரலை மீட்டெழுதிக் கிட்ஹப்பில் வெளியிட்டார். இதனால் லினக்ஸ், மாக் உள்ளிட்ட பிற தளங்களிலும் பின்பால் இயங்குகின்றது. புல் டில்ட்! குறுவட்டின் தரவையும் இது ஏற்பதால் கூடுதல் நுணுக்கமுள்ள படத்தைப் பெறலாம். ஆயினும் மேசையின் படங்களும் ஒலிகளும் இதனுடன் வாரா. அவற்றைப் பயனரே தம் பழைய பிரதியிலிருந்து கொண்டுவந்து சேர்க்க வேண்டும்.

விண்டோஸ் 7 விளையாட்டுகள்

செஸ் டைட்டன்ஸ், மாஜோங் டைட்டன்ஸ், பர்பிள் பிளேஸ் ஆகியன ஓபரான் கேம்ஸ் நிறுவனத்தால் உருவாக்கப்பட்டு விஸ்டாவிலும் விண்டோஸ் 7 இலும் இடம்பெற்றன. இவற்றை வெறுமனே நகலெடுத்தால் இயங்கா. தொடங்கும்பொழுதே விண்டோஸின் பதிப்பைச் சரிபார்த்து, விண்டோஸ் 7 அல்லாதவிடத்து எவ்விதச் செய்தியும் இன்றி மூடிக்கொள்கின்றன. இச்சோதனையை நீக்கி மாற்றப்பட்ட நிறுவல் பொதிகள் இணையத்தில் உலவுகின்றன. அவை பெரும்பாலும் வேலை செய்யும். ஆனால் அவை மைக்ரோசாப்ட்டின் அசல் கோப்புகள் அல்ல. சோதனையை நீக்கியவர் வேறெதனைச் சேர்த்தார் என்பதை அறியச் சாதாரணப் பயனருக்கு வழியில்லை. நச்சுநிரல் தடுப்பி எச்சரித்தால் அதனை அணைத்துவிட்டு நிறுவுமாறு கூறும் வழிகாட்டிகளைப் பின்பற்றுவது தகாது. விண்டோஸ் 7 இன் சொந்தப் பிரதி உள்ளவர்கள், இணைய இணைப்பைத் துண்டித்த மெய்நிகர் கணினியில் அதனை நிறுவி விளையாடுவதே பாதுகாப்பான வழி.

இணையவழி விளையாட்டுகள்

எக்ஸ்பியிலும் மில்லேனியத்திலும் இருந்த இணைய பேக்காமன், செக்கர்ஸ், ஹார்ட்ஸ், ரிவர்சி, ஸ்பேட்ஸ் ஆகியவற்றை நிறுவுவதால் பயனில்லை. மறுமுனையில் எதிராளியைத் தேடித் தந்த வழங்கிகளை மைக்ரோசாப்ட் எக்ஸ்பிக்கும் மில்லேனியத்திற்கும் 2019 ஜூலை 31 அன்றும், விண்டோஸ் 7 இற்கு 2020 ஜனவரி 22 அன்றும் நிறுத்தியது. முன்னரே எழுதிவைக்கப்பட்ட சில வாக்கியங்களை மட்டும் தேர்ந்து அனுப்பும் அரட்டை வசதி இவற்றில் இருந்தது. அவ்வாக்கியம் எதிராளியின் திரையில் அவரது மொழியில் தோன்றியது. மொழி அறியாத இருவர் பேசிக்கொள்ள உதவிய இச்சிறு ஏற்பாடு, நிரல் அப்படியே இருக்க வழங்கியுடன் மறைந்துவிட்டது. இவ்வழங்கிக்கு மாற்றாக ஒன்றைத் தன்னார்வலர்கள் எழுதியுள்ளனர். அதில் ஆட, நண்பர்கள் இருவர் முன்கூட்டியே பேசிவைத்துக்கொள்வது நல்லது.

பதிப்புரிமை

விற்பனை நிறுத்தப்பட்டதால் ஒரு மென்பொருள் பொதுச்சொத்து ஆகிவிடாது. கைவிடப்பட்ட மென்பொருள் என்பது பயனர்களிடையே வழங்கும் பெயரேயன்றிச் சட்டப் பிரிவு அன்று. அமெரிக்கச் சட்டப்படி நிறுவனமொன்றின் படைப்பாக 1995 இல் வெளியான பின்பாலின் பதிப்புரிமை 95 ஆண்டுகளுக்கு, அதாவது 2090 ஆம் ஆண்டு இறுதி வரை உள்ளது. பயனர் தம்மிடமுள்ள குறுவட்டிலிருந்து எடுப்பதற்கும் அறியாத தளமொன்றிலிருந்து பதிவிறக்குவதற்கும் உள்ள வேறுபாடு சட்டத்தில் மட்டுமன்றிப் பாதுகாப்பிலும் பெரிது. பழைய விளையாட்டுகளின் பெயரைத் தாங்கிய பதிவிறக்கப் பொதிகளில் வேண்டாத விளம்பர நிரல்கள் சேர்ந்து வருவதுண்டு. எக்ஸ்பி குறுவட்டில் உள்ள கோப்போ மைக்ரோசாப்ட் வெளியிட்டவாறே இருக்கும். எழுதத்தக்க குறுவட்டுகளில் எடுத்துவைத்த நகல்கள் ஆண்டுகள் செல்லச் செல்லப் படிக்க முடியாமற் போகின்றன. புதிய மடிக்கணினிகளிற் பலவற்றில் குறுவட்டு இயக்கியே இல்லை. ஆதலால் குறுவட்டின் முழுப் படிமத்தை ஐஎஸ்ஓ கோப்பாக எடுத்து இரண்டு இடங்களில் வைத்தல் வேண்டும். இன்றைய விண்டோஸ் ஐஎஸ்ஓ கோப்பை இருமுறை சொடுக்கியவுடன் குறுவட்டு போலவே திறந்து காட்டும்.