24 மணி நேரம் காத்திருக்க வேண்டுமா? காணாமற்போன பிள்ளைகளைத் தேடும் விதிகள் உருவான வரலாறு

பிள்ளை காணாமற்போனால் 24 மணி நேரம் கழித்துத்தான் போலீசில் புகார் செய்ய முடியும் என்ற எண்ணம் இன்றும் பலரிடம் இருக்கிறது. இது தவறான எண்ணம். ஆனால் காரணமில்லாமல் பிறந்ததல்ல. ஒரு காலத்தில் பல நாடுகளின் காவல் நிலையங்களில் இதுவே வழக்கமாக இருந்தது.

அந்த வழக்கத்திற்கு ஒரு நியாயமும் சொல்லப்பட்டது. காணாமற்போகும் பிள்ளைகளில் பெரும்பாலோர் தாமாகவே வீடு திரும்பிவிடுகிறார்கள். நண்பன் வீட்டில் இருந்திருப்பார்கள் அல்லது கோபித்துக்கொண்டு போயிருப்பார்கள். எல்லாரையும் உடனே தேட ஆள் ஏது என்று போலீசார் கேட்டனர். கேள்வி சரிதான். ஆனால், திரும்பி வராத அந்த ஒரு பிள்ளை எது என்று முதல் மணி நேரத்தில் யாரால் சொல்ல முடியும்? இந்த எதிர்க்கேள்விக்கு விடை காண அமெரிக்காவுக்குப் பல ஆண்டுகள் ஆயின.

காருக்குப் பதிவு உண்டு, பிள்ளைக்கு?

1979 மே 25. நியூயார்க் நகரில் ஈட்டன் பாட்ஸ் என்ற 6 வயதுச் சிறுவன் பள்ளிப் பேருந்து நிற்கும் இடத்திற்கு முதன்முறையாகத் தனியே நடந்து போனான். பேருந்தில் அவன் ஏறவே இல்லை. பள்ளி முடிந்தும் பிள்ளை வராதபோதுதான் தாய்க்கு விஷயம் தெரிந்தது. ஒரு பகல் பொழுது வீணாகியிருந்தது. 1983-இல் அதிபர் ரீகன் மே 25-ஐக் காணாமற்போன பிள்ளைகளுக்கான தேசிய தினமாக அறிவித்தார்.

1981 ஜூலையில் ஃபுளோரிடா மாநிலத்தின் பேரங்காடி ஒன்றில் ஆடம் வால்ஷ் என்ற மற்றொரு 6 வயதுச் சிறுவன் காணாமற்போனான். இரண்டு வாரங்களில் அவன் கொல்லப்பட்டது தெரியவந்தது. அவன் தந்தை ஜான் வால்ஷ் நாடெங்கும் குரல் எழுப்பினார். திருடுபோன காரின் விவரம் எஃப்.பி.ஐ. கணினியில் ஏறுகிறது, காணாமற்போன பிள்ளையின் விவரத்தையோ பல காவல் நிலையங்கள் பதிவதே இல்லை என்பது பெற்றோரின் குறையாக இருந்தது. 1982-இல் வந்த சட்டம் அந்தக் கணினியின் கதவைப் பிள்ளைகளுக்காகத் திறந்தது. 1984-இல் இதற்கென்றே தேசிய மையம் ஒன்று அமைந்தது.

காத்திருக்கச் சொல்லும் வழக்கத்தை 1990-இல் வந்த சட்டம் நேரடியாகத் தடை செய்தது. 2006-ஆம் ஆண்டுச் சட்டம், புகார் வந்த 2 மணி நேரத்திற்குள் விவரங்கள் கணினியில் ஏற வேண்டும் என்றது.

மணித்துளிகளின் கணக்கு

இந்த அவசரத்திற்குக் காரணம் உண்டு. கடத்திக் கொல்லப்பட்ட பிள்ளைகளின் வழக்குகளை வாஷிங்டன் மாநிலத் தலைமை வழக்கறிஞர் அலுவலகம் ஆராய்ந்தது. 2006-இல் வெளிவந்த அறிக்கையின்படி, அவர்களில் சுமார் 76 விழுக்காட்டினர் முதல் 3 மணி நேரத்திற்குள் கொல்லப்பட்டிருந்தனர். இத்தகைய வழக்குகள் மிக அரியவை. ஆனாலும் 24 மணி நேரம் காத்திருப்பது அந்தப் பிள்ளைகளுக்கு எதைக் குறிக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

இன்றைய விசாரணை முறை அந்தக் கணக்கிலிருந்தே வந்தது. முதலில் வீட்டையே சல்லடை போட்டுத் தேடுகிறார்கள். கட்டிலின் அடி, அலமாரி, காரின் பின்பெட்டி எதையும் விடுவதில்லை. பிள்ளையின் அறையை யாரும் கூட்டிப் பெருக்கக் கூடாது. சீப்பும் பல்துலக்கியும் மரபணுச் சோதனைக்கு உதவும். பெற்றோரைத் தனித்தனியே விசாரிக்கிறார்கள். பல பெற்றோருக்கு இது மனவருத்தம் தரும். ஆனால் ஒருவர் மறந்ததை மற்றவர் சொல்லக்கூடும், குடும்பத்தின் மீது சந்தேகம் இருந்தால் அதுவும் விரைவில் தீரும். பிறகு அண்டை வீட்டார், கேமராப் பதிவுகள் என்று வட்டம் விரிகிறது.

பொதுமக்களின் கண்களும் இதில் சேர்ந்தன. 1996 ஜனவரியில் டெக்சாஸ் மாநிலத்தில் ஆம்பர் ஹேகர்மன் என்ற 9 வயதுச் சிறுமி சைக்கிள் ஓட்டிக்கொண்டிருந்தபோது கடத்தப்பட்டாள். நேரில் பார்த்தவர் வாகனத்தின் அடையாளத்தைச் சொன்னார். ஆனால் ஊருக்கெல்லாம் உடனே சொல்ல வழியில்லை. 4 நாட்களில் அவள் சடலமாகக் கிடைத்தாள். புயல் எச்சரிக்கையை வானொலி அறிவிப்பது போலக் கடத்தலையும் அறிவிக்கும் "ஆம்பர் அலர்ட்" அதன் பிறகு பிறந்தது.

நம் வட்டாரத்தில்

மலேசியாவையும் 2007-ஆம் ஆண்டு உலுக்கியது. கோலாலம்பூர் வங்சா மாஜுவில், பசார் மாலாமுக்குப் போன 8 வயது நூரின் ஜஸ்லின் ஆகஸ்டு 20-இல் காணாமற்போனாள். செப்டம்பரில் அவள் உடல் கண்டெடுக்கப்பட்டது. ஆம்பர் முறையைப் பின்பற்றி அமைந்த மலேசியத் திட்டம் "நூரின் அலர்ட்" என்று அவள் பெயரையே தாங்கியது.

இந்தியாவில் 2006-இல் டெல்லியை அடுத்த நிதாரியில் பிள்ளைகளின் எலும்புகள் கிடைத்தபோது, புகார்களைப் போலீசார் ஏற்கவில்லை என்று பெற்றோர் கதறினர். காணாமற்போன ஒவ்வொரு பிள்ளையும் கடத்தப்பட்டதாகவே கருதி வழக்குப் பதிய வேண்டும் என்று 2013 மே மாதம் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. பழைய நடைமுறை இங்கே தலைகீழானது. பிள்ளை வந்துவிடும் என்று நம்பிக் காத்திருப்பது போய், வரமாட்டான் என்று அஞ்சித் தேடுவது விதியானது.

விதி மாறினாலும் முதல் அடியைப் பெற்றோரே எடுத்து வைக்க வேண்டும். அண்மையில் எடுத்த புகைப்படம், அன்று அணிந்திருந்த உடை, நண்பர்களின் பெயர் ஆகியவை கைவசம் இருக்கட்டும். பிள்ளை பத்திரமாக வந்துவிட்டால் புகாரை முடித்துக்கொள்ளலாம், அதில் வெட்கமில்லை. தவறிப்போன மணி நேரத்தை மட்டும் யாராலும் திருப்பித் தர முடியாது.